எழுந்த கரை, அமிழ்ந்த கரை



இன்றைய பேச்சின் பொருள் தீவு. நடுக்கடலில் ஒரு தரை எப்படித் தலைதூக்குகிறது, தலைதூக்கிய பிறகு நெருப்பும் நிலநடுக்கமும் அதை என்ன பாடு படுத்துகின்றன என்பதுதான் செய்தி. உலகில் தீவுகளுக்குப் பஞ்சமில்லை. ஐஸ்லாந்து இருக்கிறது, ஹவாய் இருக்கிறது, ஜப்பான் இருக்கிறது. ஆனால் சென்னைத் துறைமுகத்தில் கப்பல் ஏறினால் மூன்றாம் நாள் கண்ணில் படும் தீவுகள் இருக்கும்போது அவ்வளவு தூரம் போவானேன்? அந்தமானும் நிக்கோபாரும்தான் இந்த மாலையின் கதை.

ஒரு கலங்கரை விளக்கத்திலிருந்து தொடங்கலாம்.

இந்தியாவின் தென்கோடி எது என்று கேட்டால் கன்னியாகுமரி என்ற பதில்தான் முதலில் நாக்கில் வரும். பெருநிலத்தின் தென்கோடி அதுதான். நாட்டின் தென்கோடி வேறு. பெரிய நிக்கோபார் தீவின் அடிமுனையில், சுமத்ராவுக்குச் சற்று வடக்கே, இந்திரா முனை என்று ஓர் இடம் இருக்கிறது. அங்கே 1972-ல் ஒரு கலங்கரை விளக்கம் அமைத்தார்கள். சிவப்பும் வெள்ளையும் பூசிய கோபுரம். அது நின்றது தரையில். சுற்றிலும் மரங்கள், பணியாளர்களின் வீடுகள். 2004 டிசம்பர் 26 காலைக்குப் பிறகு அந்தக் கோபுரம் கடலுக்குள் நிற்கிறது. கோபுரம் நகரவில்லை. அதன் காலடியில் இருந்த நிலம் ஏறத்தாழ 4 மீட்டர் தாழ்ந்துவிட்டது. ஓர் ஆளின் தோள் மேல் இன்னோர் ஆள் ஏறி நின்றாலும் மூழ்கிப்போகும் ஆழம் அது. அங்கே இருந்த வீடுகளும் மனிதர்களும் போனார்கள்.

அதே நாள், அதே அதிர்ச்சி. அங்கிருந்து சுமார் 700 கிலோமீட்டர் வடக்கே, வட அந்தமானின் மேற்குக் கரையில் நடந்தது என்ன? கடல் பின்வாங்கியது போலத் தோன்றியது, திரும்பி வரவில்லை. நேற்றுவரை தண்ணீருக்குள் மீன்கள் நீந்திய பவளத் திட்டுகள் வெயிலில் கிடந்தன. பழுப்பும் பச்சையுமாக இருந்த பவளம் சில நாட்களில் சுண்ணாம்பு போல வெளுத்தது. அங்கே நிலம் ஒரு மீட்டருக்கு மேல் எழுந்திருந்தது.

தெற்கே கரை அமிழ்ந்தது. வடக்கே கரை எழுந்தது. ஒரே நிலநடுக்கம் ஓரிடத்தில் தாழ்த்தி, இன்னோரிடத்தில் உயர்த்துமா? உயர்த்தும். அது எப்படி என்பதைப் புரிந்துகொள்ள, இந்தத் தீவுகள் பிறந்த கதைக்கு முதலில் போக வேண்டும்.

போர்ட் பிளேருக்கு, இப்போதைய பெயரில் ஸ்ரீ விஜயபுரத்துக்குத் தெற்கே கொடியாகாட் என்ற கடற்கரை இருக்கிறது. அங்கே கரையோரப் பாறைகளைக் கூர்ந்து பார்த்தால், மூட்டைகளை ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கியது போல உருண்டை உருண்டையாக இருக்கும். புவியியலார் இவற்றைத் தலையணைப் பாறை என்பார்கள். கடலடியில் வெடிப்பு ஒன்றிலிருந்து பாறைக்குழம்பு பிதுங்குகிறது. குளிர்ந்த நீர் பட்டதும் மேல்தோல் இறுகுகிறது. உள்ளே இன்னும் குழம்புதான். தோல் கிழிகிறது, அடுத்த உருண்டை பிதுங்குகிறது, அதன் மேல் இன்னொன்று. ஆழ்கடலின் தரையில் பிறக்க வேண்டிய கல் இது. அந்தக் கல் கரைக்கு எப்படி வந்தது?

கொடியாகாட்டோடு முடியவில்லை. தெற்கே ரட்லண்ட் தீவில் அதைவிட ஆழத்துக் கற்கள் கிடைக்கின்றன. கடல் தரைக்கும் கீழே, பூமியின் மேலோட்டுக்கும் அடியில் இருக்க வேண்டிய கரும்பச்சைப் பாறைகள் அங்கே மலைச்சரிவில் கைக்கு எட்டுகின்றன. அந்தமானின் உயர்ந்த சிகரமான சேடில் பீக்கும் 732 மீட்டர் உயரத்தில் இதே வகைக் கற்களால் ஆனதுதான். இந்தக் கடல் தரை சுமார் 9.5 கோடி ஆண்டுகளுக்கு முன் உருவானது என்று கணக்கிட்டிருக்கிறார்கள். டைனோசர்கள் நடமாடிய காலத்துக் கடலடி இன்று காடு போர்த்திய மலையாக நிற்கிறது.

தூக்கியது யார்? இந்தியாவைச் சுமக்கும் புவித்தட்டுதான். வங்கக் கடலின் அடித்தரையும் அந்தத் தட்டின் பகுதி. அந்தமானுக்கு மேற்கே கடலடியில் ஓர் அகழி நீளமாக ஓடுகிறது. அந்த அகழியில் இந்தியத் தட்டு, பர்மா தட்டு என்று சொல்லப்படும் சிறு தட்டின் அடியில் செருகிக்கொண்டு இறங்குகிறது. ஆண்டுக்கு ஒன்றிரண்டு விரற்கடைதான் நகர்ச்சி. ஆனால் நின்றதில்லை. கோடிக்கணக்கான ஆண்டுகளாக நின்றதில்லை.

இறங்கும் தட்டு வெறுங்கையோடு இறங்குவதில்லை. அதன் மேல் வண்டலும் மணலும் கனமாகப் படிந்திருக்கின்றன. தோசைக்கல்லில் ஒட்டிக்கொண்ட மாவைத் தோசைத் திருப்பியால் சுரண்டும்போது என்ன நடக்கிறது? திருப்பியின் நுனியில் மாவு சுருண்டு, மடிந்து, குவிகிறது. மேல்தட்டின் நுனி அந்தத் திருப்பியின் வேலையைச் செய்கிறது. கடலடி வண்டலைச் சுரண்டுகிறது. இடையிடையே கடல் தரையின் துண்டுகளையும் பெயர்த்துச் சேர்த்துக்கொள்கிறது. சுரண்டிக் குவித்த குவியல் கடலுக்கு மேலே தலைகாட்டியதுதான் அந்தமான். நிக்கோபாரும் அந்தக் குவியலின் தொடர்ச்சிதான். வடக்கிலிருந்து தெற்கு வரை 700 கிலோமீட்டருக்கு மேல் நீளும் 500-க்கும் அதிகமான தீவுகளும் பாறைத் திட்டுகளும், கடலுக்குள் மூழ்கிக் கிடக்கும் ஒரே மலைத்தொடரின் முகடுகள்.

இதுவரை சொன்னதில் நெருப்பு வரவில்லையே என்று மாணவர்கள் கேட்கலாம். நெருப்பு கொஞ்சம் கிழக்கே இருக்கிறது.

செருகி இறங்கும் தட்டு ஈரத்தோடு இறங்குகிறது. அதன் கற்களுக்குள்ளேயே தண்ணீர் கலந்திருக்கிறது. ஏறத்தாழ 100 கிலோமீட்டர் ஆழம் போனதும் அழுத்தமும் வெப்பமும் தாங்காமல் அந்தத் தண்ணீர் பிரிந்து, மேலே இருக்கும் சூடான பாறைக்குள் ஏறுகிறது. பாகு காய்ச்சத் தெரிந்த தாய்மார்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. வெறும் வெல்லக்கட்டியை வாணலியில் போட்டால் இளகுவதற்குள் கருகிவிடும். ஒரு கை தண்ணீர் தெளித்தால் அதே தீயில் சட்டென்று இளகிவிடும். பாறைக்கும் ஏறக்குறைய அதே கதைதான். தண்ணீர் கலந்த பாறை குறைந்த வெப்பத்திலேயே உருகுகிறது. உருகியது இலேசானது, இலேசானது மேலே ஏறும். அப்படி ஏறி வந்த இடம்தான் பாரன் தீவு.

போர்ட் பிளேருக்கு வடகிழக்கே சுமார் 140 கிலோமீட்டர் தொலைவில், 3 கிலோமீட்டர் அகலமே உள்ள வட்டமான தீவு. மனிதக் குடியிருப்பு கிடையாது. தெற்காசியாவில் இன்றும் உயிரோடு இருக்கும் ஒரே எரிமலை. கடலுக்கு மேலே தெரிவது சுமார் 350 மீட்டர்தான். அடிவாரமோ 2,000 மீட்டருக்கும் ஆழத்தில் கடல் தரையில் இருக்கிறது. நீரை வடித்துவிட்டுப் பார்க்க முடிந்தால் நீலகிரியின் உயரத்தை நெருங்கும் ஒரு மலை அங்கே நிற்கும். கடலில் தெரிவது அதன் நுனி மட்டும்.

பழைய எரிமலையின் சுவர் ஒரு வளையமாகச் சுற்றி நிற்கிறது. மேற்கே அந்த வளையம் உடைந்து கடலுக்கு வாசல் திறந்திருக்கிறது. வளையத்துக்கு நடுவே சாம்பலும் கல்லுமாகக் குவிந்த கரிய கூம்பு. அதன் அடியிலிருந்து உறைந்த குழம்பு கன்னங்கரேலென்று அந்த வாசல் வழியே கடல்வரை கிடக்கிறது. வளையத்தின் வெளிச்சரிவில் பசுங்காடு. உள்ளே புல்கூட முளைக்காத கரி. பாரன் என்ற பெயருக்குத் தரிசு என்று பொருள்.

போர்ட் பிளேருக்குத் தன் பெயரைத் தந்த ஆர்ச்சிபால்ட் பிளேர் 1789-ல் இந்தத் தீவு குமுறுவதைப் பார்த்து எழுதிவைத்திருக்கிறார். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அது அடங்கியது. ஒன்றரை நூற்றாண்டுக்கும் மேலாக மௌனம். செத்துவிட்டது என்றே பலரும் எண்ணினார்கள். 1991-ல் விழித்தது; மாதக்கணக்கில் கக்கியது. 1994-லும் 2005-லும் மறுபடி. 2017 ஜனவரி 23 அன்று கோவாவிலுள்ள தேசியக் கடலியல் நிறுவனத்தின் ஆய்வுக் கப்பல் சிந்து சங்கல்ப் அந்தப் பக்கம் கடலடி மண்ணை அள்ளிக்கொண்டிருந்தது. விஞ்ஞானிகளின் கண் முன்னாலேயே தீவு சாம்பலை வீசத் தொடங்கியது. ஒரு மைல் தொலைவில் கப்பலை நிறுத்திப் பார்த்தார்கள். ஐந்து நிமிடம், பத்து நிமிடம் என்று விட்டுவிட்டுக் குமுறல். பகலில் சாம்பல் மேகம் மட்டும் தெரிந்தது. பொழுது சாய்ந்த பிறகுதான் உள்ளே இருந்தது வெளியே வந்தது: கூம்பின் வாயிலிருந்து செங்குழம்பு பீறிட்டுச் சரிவில் வழிந்தது. வரைபடத்தில் புள்ளியாகக் கிடக்கும் ஒரு தீவு, பார்த்துக்கொண்டிருக்கும்போதே வளர்ந்தது.

பாரனுக்கு வடக்கே நார்கொண்டம் தீவு இருக்கிறது. 710 மீட்டர் உயரம், பச்சைப் பசேல் என்ற கூம்பு. நரகக் குண்டம் என்பது மருவி வந்த பெயர் என்று சொல்வதுண்டு. அந்த எரிமலை உறங்கி வெகுகாலமாகிறது. குளிர்ந்த குழம்பு மண்ணாகி, மண்ணில் காடு வளர்ந்து, அந்தக் காட்டில் ஓர் இருவாச்சிப் பறவை தனி இனமாகிவிட்டது. நார்கொண்டம் இருவாச்சி உலகில் வேறெங்கும் கிடையாது. ஏழு சதுர கிலோமீட்டர்கூட நிறையாத ஓர் எரிமலைதான் அதன் மொத்த உலகம்.

இதே அகழி தெற்கே சுமத்ராவரை போகிறது. அங்கே தோபா என்று ஓர் ஏரி. 74,000 ஆண்டுகளுக்கு முன் வெடித்த பேரெரிமலையின் குழிதான் அந்த ஏரி. அப்போது பறந்த சாம்பலை ஆந்திரத்தின் ஜ்வாலாபுரத்தில் இன்றும் மண்ணில் தனி அடுக்காகப் பார்க்கலாம். வெடித்து ஓய்ந்த பிறகு கீழே மிஞ்சிய குழம்பு மெல்ல உந்தியது. ஏரியின் அடித்தரை மேலெழுந்து, ஏரிக்கு நடுவே சமோசிர் என்ற தீவானது. ஏரியடி வண்டலைத் தலையில் சுமந்துகொண்டு நிற்கும் தீவு அது.

அந்தமானுக்கே திரும்பலாம். பாரடாங் தீவில் சுற்றுலாப் பயணிகள் காட்டுப் பாதையில் ஏறிப்போய்ப் பார்க்கும் ஒரு காட்சி இருக்கிறது. மரங்கள் விலகிய வெட்டவெளி. நடுவே சாம்பல் நிறச் சேறு. சட்டியில் கூழ் கொதிப்பது போல ஒரு குமிழி மெல்ல எழும்பும், பளபளக்கும், பட்டென்று உடையும். பிறகு அமைதி. மறுபடி ஒரு குமிழி. கொதிக்கிறது என்று நினைத்தால் தவறு, தொட்டால் சுடாது. இது நெருப்பு மலை இல்லை, சேற்று மலை. தட்டுகளின் நெருக்குதலில் ஆழத்து வண்டல் பிழியப்படுகிறது. அதிலிருந்து நீரும் வாயுவும் சேறும் பிதுங்கி மேலே வருகின்றன. தோசைத் திருப்பியின் நுனியில் குவிந்த மாவு இன்னும் காயவில்லை என்பதற்கு இந்தச் சேறே சாட்சி.

சரி, 2004-க்கு வருவோம். அந்தக் காலைதான் இந்தப் பேச்சின் நடுப்புள்ளி.

தென்னை ஈர்க்கு ஒன்றை எடுத்துக்கொள்ளலாம். ஒரு முனையை மேசையில் அழுத்திப் பிடித்து, மறுமுனையை அதை நோக்கித் தள்ளினால் என்ன ஆகும்? ஈர்க்கின் நடுப்பகுதி வளைந்து மேலே எழும்பும். பிடித்த முனையை விட்டால்? அழுந்தியிருந்த முனை துள்ளி எழும். எழும்பியிருந்த நடு படுத்துவிடும். முனை மேலே, நடு கீழே. ஒரே நொடியில் இரண்டும்.

தட்டுகள் எப்போதும் வழுக்கிக்கொண்டே போவதில்லை. உராயும் இடத்தில் பிடித்துக்கொள்கின்றன. கீழ்த்தட்டு இறங்க, பிடிபட்ட மேல்தட்டின் முனையும் கூடவே கீழே இழுபடுகிறது. முனைக்குப் பின்னால் இருக்கும் பகுதி வளைந்து உப்புகிறது. நூறாண்டு, இருநூறாண்டு, அதற்கும் மேல். யாருக்கும் தெரியாது. ஓர் ஆண்டில் சில மில்லிமீட்டர் மாற்றத்தை எந்த மீனவர் கவனிப்பார், எந்த மாலுமி கவனிப்பார்?

2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை. இந்திய நேரம் காலை 6 மணி 29 நிமிடத்துக்குச் சற்று முன். சுமத்ராவின் வடமேற்கே பிடி விட்டது. ரிக்டர் என்று மக்கள் வழக்கில் சொல்லும் அளவில் 9.1. பிடிவிட்டது அந்த ஓரிடத்தோடு நிற்கவில்லை. சேலையில் கிழிசல் ஓடுவது போல வடக்கே ஓடியது. நிக்கோபாரைத் தாண்டி, அந்தமானைத் தாண்டி 1,300 கிலோமீட்டர். கன்னியாகுமரியிலிருந்து விசாகப்பட்டினத்துக்கு நேர்கோடு இழுத்தாலும் அவ்வளவு வராது. அத்தனை நீளமும் கிழியச் சுமார் பத்து நிமிடம் ஆனது. கடலடி நிலம் சில இடங்களில் 15 மீட்டருக்கும் மேல் வழுக்கியது.

ஈர்க்கின் முனைக்கு, அதாவது அகழிக்கு, அருகில் இருந்த தீவுகள் துள்ளி எழுந்தன. தள்ளி இருந்த தீவுகள் படுத்தன. தீவுகளின் தலையெழுத்து அதுதான்: அகழியிலிருந்து எவ்வளவு தூரம்? பெரிய நிக்கோபார் தாழ்ந்தது. கார் நிக்கோபார் ஒரு மீட்டர் அளவு தாழ்ந்தது. திரிங்கட் தீவு உடைந்து துண்டுகளானது. இலங்கையிலிருந்து திரும்பி வந்த தமிழ்க் குடும்பங்களை ரப்பர்த் தோட்ட வேலைக்காக 1970-களில் குடியேற்றிய கச்சால் தீவிலும் கரை கடலுக்குள் போனது. ஒருமுறை நாடு பெயர்ந்து வந்தவர்களின் காலடியில் தரையும் பெயர்ந்தது.

இரண்டு இடங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் விஷயம் இன்னும் துலங்கும். போர்ட் பிளேர் ஒரு மீட்டர் அளவு தாழ்ந்தது. அங்கிருந்து நேர் மேற்கே ஐம்பது கிலோமீட்டர் சொச்சத்தில் வட சென்டினல் தீவு. அது ஒரு மீட்டருக்கு மேல் எழுந்தது. இந்த ஐம்பது கிலோமீட்டருக்குள் எங்கோ ஒரு கோடு. அந்தக் கோட்டில் நிலம் ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை. குழந்தைகள் ஏறி விளையாடும் ஏற்றப் பலகையின் நடு அச்சு போல. கலிபோர்னியா தொழில்நுட்பக் கழகத்தின் ஆய்வாளர்கள் நிலநடுக்கத்துக்கு முன்னும் பின்னும் எடுத்த செயற்கைக்கோள் படங்களை ஓதத்தின் உயரத்தோடு ஒப்பிட்டு, எந்தத் திட்டு எழுந்தது, எந்தத் திட்டு மறைந்தது என்று தீவு தீவாகக் கண்டறிந்து அந்தக் கோட்டை வரைந்தார்கள்.

வட சென்டினல் மக்களை வெளியுலகம் அண்ட முடியாது, அவர்கள் விரும்புவதுமில்லை. நிலநடுக்கம் நடந்த சில நாட்களில் அந்தத் தீவின் மேலே பறந்த கடலோரக் காவல்படை ஹெலிகாப்டரை நோக்கி ஒருவர் வில்லை ஏந்தி நின்ற படம் உலகமெங்கும் போனது. அவர்கள் பிழைத்திருந்தார்கள் என்பதற்கு அந்த அம்புதான் செய்தி. ஆனால் அவர்கள் மீன் பிடித்த ஆழமில்லாத நீர்ப்பரப்பின் பெரும்பகுதி காய்ந்த பவளத் தரையாகிவிட்டது.

தாழ்ந்த பக்கத்தில் சிப்பிகாட் என்ற ஊர். போர்ட் பிளேரிலிருந்து கொஞ்ச தூரம். அங்கே நெல் விளைந்த வயல்கள் இருந்தன. சுனாமி அலை வந்து போய்விட்டால் உப்பைக் கழுவி மறுபடி உழலாம் என்பது உழவரின் கணக்கு. நாகப்பட்டினத்து உழவர்கள் அப்படித்தான் தங்கள் நிலத்தை மீட்டார்கள். சிப்பிகாட்டில் அந்தக் கணக்கு செல்லவில்லை. அலை போய்விட்டது, கடல் போகவில்லை. ஒவ்வோர் ஓதத்துக்கும் தண்ணீர் வயலுக்குள் வந்தது. வயலே கடல்மட்டத்துக்குக் கீழே போயிருந்தது. வரப்புகள் மறைந்தன. மரங்கள் இலையுதிர்ந்து மொட்டைக் கம்பங்களாக உப்புநீரில் நின்றன. சில ஆண்டுகளில் அந்த நீரில் கொக்கும் நாரையும் வந்து இரை தேடின. வயல் சதுப்பானது.

அலையாத்தி மரங்களின் கதையைச் சொல்லாமல் மேலே போக முடியாது. அந்த மரங்களுக்கு ஒரு கணக்கு உண்டு: நாளுக்கு இருமுறை ஓதம் வேரை நனைக்க வேண்டும், இருமுறை வடிய வேண்டும். வட அந்தமானில் நிலம் எழுந்ததும் ஓதம் வேருக்கு எட்டவில்லை. மரங்கள் தாகத்தில் காய்ந்தன. நிக்கோபாரில் நிலம் தாழ்ந்ததும் நீர் வடியவில்லை; மரங்கள் மூச்சுமுட்டிச் செத்தன. ஒரே இன மரம், ஒரே நாள், எதிரெதிரான இரண்டு சாவு.

இப்படி எழுவதும் அமிழ்வதும் புதிதா? இல்லை என்கிறது பவளம்.

பவளத்துக்கு ஒரு கட்டுப்பாடு. தாழ்ந்த ஓதத்தின் மட்டத்துக்கு மேல் அது வளர முடியாது. காற்றுப் பட்டால் மடியும். அந்த மட்டத்தைத் தொட்டதும் மேலே வளர்வதை நிறுத்திப் பக்கவாட்டில் பரவுகிறது. நிலம் மெல்லத் தாழ்ந்தால், ஓரத்தில் மட்டும் மறுபடி உயரும். விளிம்பு வைத்த தாம்பாளம் போல ஆகும். நிலம் திடீரென எழுந்தால் மொத்தமும் மடியும். அந்தத் தாம்பாளத்தைக் குறுக்கே அறுத்து எடுத்துப் பார்த்தால் மரத்தின் ஆண்டு வளையம் போலக் கோடுகள். எந்த ஆண்டு நிலம் எவ்வளவு தாழ்ந்தது, எந்த ஆண்டு துள்ளியது என்று எண்ணிவிடலாம். சுமத்ராவின் மேற்குக் கரைத் தீவுகளில் கெர்ரி சீ என்ற அறிஞரும் அவருடைய குழுவும் 2004-க்கு முன்பிருந்தே இந்தப் பவளத் தாம்பாளங்களைப் படித்துவந்தார்கள். அங்கே பல நூற்றாண்டுகளாக நிலம் மெல்ல மெல்ல அழுந்துவதும், ஒருநாள் துள்ளுவதும், மறுபடி அழுந்துவதுமாக இருந்திருக்கிறது. 2004-ல் சிமெலுவே தீவின் ஒரு பக்கம் 1.5 மீட்டர் எழுந்தது. மூன்றே மாதத்தில், 2005 மார்ச் 28 அன்று, அடுத்த பிடி விட்டது. நியாஸ் தீவின் மேற்குக் கரை ஏறத்தாழ 3 மீட்டர் எழுந்தது. படகுகள் நின்ற துறைகள் கரையேறின.

அந்தச் சிமெலுவே தீவைப் பற்றி இன்னும் ஒரு செய்தி. 2004-ல் கிழிசல் தொடங்கிய இடத்துக்கு மிக அருகில் இருந்த தீவு அது. சுமார் 78,000 பேர் வாழ்ந்தார்கள். பேரலைக்குப் பலியானவர்கள் ஏழு பேர். எப்படி? 1907-ல் அங்கே ஒரு பேரலை அடித்திருந்தது. அதற்கு அவர்கள் மொழியில் ஸ்மோங் என்று பெயர். தரை பலமாக ஆடினால், கடல் உள்வாங்கினால், எதையும் எடுக்காமல் மேட்டுக்கு ஓடு. இதைப் பாட்டிகள் தாலாட்டில் வைத்துப் பாடினார்கள். 97 ஆண்டுகள் அந்தச் சொல் மறையவில்லை. அன்று காலை யாரோ ஸ்மோங் என்று கத்தினார்கள். ஊர் மேட்டில் இருந்தது.

தமிழில் அப்படி ஒரு சொல் இல்லையா? இருந்தது. கடல்கோள் என்று பழந்தமிழர் சொன்னார்கள். ஆனால் அந்தச் சொல் புத்தகத்தில் இருந்தது, கரையில் இல்லை. 1881 டிசம்பர் 31 அன்று கார் நிக்கோபார் அருகே கடலடி நிலம் அதிர்ந்து, சிற்றலை ஒன்று வங்கக் கடலைக் கடந்தது. கடலோரத் துறைமுகங்களின் ஓதமானிகள் அதைப் பதிந்தன. நாகப்பட்டினத்துக் கருவியும் அவற்றுள் ஒன்று. காகிதத்தில் விழுந்த அந்தக் கோட்டை 2003-ல் இரண்டு ஆய்வாளர்கள் எடுத்து ஆராய்ந்து, கடலுக்கடியில் எந்தப் பகுதி எவ்வளவு பெயர்ந்தது என்று கணக்கிட்டார்கள். அடுத்த ஆண்டே அதே கடல் வந்தது. முதல் அதிர்வுக்கும் தமிழகக் கரையில் அலை ஏறியதற்கும் இடையே இரண்டு மணி நேரத்துக்கு மேல் இருந்தது. சொல்லத்தான் ஆள் இல்லை. மெரினாவில் நடைபயின்றவர்கள் நடந்துகொண்டிருந்தார்கள். வேளாங்கண்ணியில் கிறிஸ்துமஸுக்கு வந்த யாத்திரிகர்கள் கடலில் கால் நனைத்தார்கள். நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் 6,000-க்கும் மேற்பட்ட உயிர்கள் போயின. 2007-ல் ஹைதராபாத்தில் சுனாமி எச்சரிக்கை மையம் வந்துவிட்டது. அதிர்ச்சி நிகழ்ந்த சில நிமிடங்களில் இப்போது செய்தி கிளம்பும். அந்த இரண்டு மணி நேரத்தை இனி வீணாக்க நியாயமில்லை.

நிலத்தின் மட்டத்தைப் பற்றி எந்த எச்சரிக்கை மையமும் சொல்லாது. அதைத் திட்டம் போடுகிறவர்கள்தான் கேட்க வேண்டும். பெரிய நிக்கோபாரின் கலத்தியா விரிகுடாவில் சரக்குப் பெட்டகத் துறைமுகமும், தீவில் விமான நிலையமும் நகரமும் அமைக்கும் திட்டத்துக்கு 2022-ல் சுற்றுச்சூழல் அனுமதி தரப்பட்டது. காட்டைப் பற்றியும் ஷோம்பென் பழங்குடிகளைப் பற்றியும் விவாதம் நடக்கிறது, நடக்கவும் வேண்டும். அதோடு புவியியலின் கேள்வியும் சேர வேண்டும். பத்து நிமிடத்தில் ஏறத்தாழ 4 மீட்டர் தாழ்ந்த முனைக்குப் பக்கத்திலேதான் அந்த விரிகுடா. துறைமுகத்தின் மேடை கடல்மட்டத்துக்கு எத்தனை மீட்டர் மேலே? எந்தக் கடல்மட்டம்? 2004-க்கு முந்தையதா, பிந்தையதா? 2004-ல் தாழ்ந்த நிலமும் சும்மா இருக்கவில்லை. போர்ட் பிளேர் அடுத்த ஆண்டுகளிலேயே மெல்ல மேலேறத் தொடங்கியதை அளவுக் கருவிகள் காட்டின. ஈர்க்கை மறுபடி யாரோ தள்ளத் தொடங்கிவிட்டார்கள். இந்தக் கணக்கைப் பொதுமக்கள் முன் வைத்துவிட்டுக் கட்டுவதுதான் முறை. வைக்காமல் கட்டுவது முறையாகாது.

அந்தக் கலத்தியா விரிகுடாவில் வேறு ஒரு வருகையாளர் உண்டு. முதுகில் ஏழு வரி ஓடும் பெரிய தோல் ஆமை. கடலாமைகளில் மிகப் பெரியது. 2004-க்கு முன் அங்கே அகலமான மணற்கரையில் முட்டையிட வந்துகொண்டிருந்தது. டிசம்பரில் கரை தாழ்ந்தது, மணலும் போனது. அந்த ஆமைகளை ஆராய முகாமிட்டிருந்தவர்களும் அலையில் போனார்கள். கரையே இல்லாத கரைக்கு ஆமை ஏன் வரப்போகிறது என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள்.

கடல் வேறு வேலை செய்துகொண்டிருந்தது. அலை ஒவ்வொரு பருவமும் மணலைக் கொண்டுவந்து, பழைய கரைக்கு உள்ளே, செத்த மரங்களின் வேர்களுக்கு நடுவே, புதிய விளிம்பில் கொட்டியது. ஆண்டுக்கு ஆண்டு மணல் ஏறியது. சில ஆண்டுகளில் ஓர் இரவு, துடுப்புகளால் மணலை வாரி எறிந்த பெரிய பள்ளமும், கடலிலிருந்து அந்தப் பள்ளம்வரை டிராக்டர் சக்கரம் உருண்டது போன்ற தடமும், விடிந்ததும் அந்தப் புதுக்கரையில் கிடந்தன.